வாசகர் கேள்வி: கல்லால் மரம் சாயுமா?

கேள்வி: ஐரோப்பாவின் முதல் விவசாயிகள் கற்கோடரியால் காடு வெட்டினார்களாம். கல்லால் மரம் சாயுமா? அதை ஏன் அப்படி வழவழவென்று தேய்த்தார்கள்?
(வாசகர், பட்டர்வொர்த்)

பதில்: சாயும். ஆனால் இரும்புக் கோடரிபோல் ஓங்கிப் போட்டால் மரத்துக்கு முன் கோடரிதான் போகும். 1950களில் டென்மார்க்கின் டிராவெட் காட்டில், கற்காலக் கோடரிகளுக்குப் புதுக் காம்பு போட்டு வெட்டிப் பார்த்தார்கள். தோள்பலம் முழுவதும் சேர வீசியபோது அலகு உடைந்தது. முழங்கையும் மணிக்கட்டும் மட்டும் அசைய, சின்னச் சின்னதாக, வேகமாகக் கொத்தியதும் வேலை ஓடியது. மூன்று பேர் 4 மணி நேரத்தில் சுமார் 500 சதுர மீட்டர் காட்டை வெட்டிவிட்டார்கள். ஓர் அலகு, தீட்டாமலே நூறு மரத்துக்கு மேல் சாய்த்தது.

தேய்ப்பது அழகுக்கு மட்டுமல்ல. சிக்கிமுக்கிக் கல்லைத் தட்டிச் சில்லு பெயர்க்கும்போது முகமெல்லாம் வரப்பு வரப்பாக நிற்கும். அடி விழுந்ததும் விசை அங்கே குவிந்து விரிசல் ஓடும். மணற்கல்லில் தண்ணீர் விட்டு, சந்தனம் இழைப்பதுபோல் இழைத்து அந்த வரப்புகளைக் கரைத்துவிட்டால் அலகு தாங்கும், மரத்தில் சிக்காமலும் இறங்கும். ஒரு சில்லு மட்டும் ஆழமாகப் பெயர்ந்துவிட்டால் தொல்லை: அந்தப் பள்ளம் மறைய முகம் முழுவதையும் தேய்த்தாக வேண்டும். அதனால் பொறுமை தேய்ப்பதில் மட்டும் போதாது, தட்டும்போதே வேண்டும்.

இன்னொன்று. கி.மு. 5500 வாக்கில் மத்திய ஐரோப்பாவில் குடியேறிய விவசாயிகளின் கைக்கருவி கோடரியல்ல, தச்சர் வாய்ச்சி; அலகு காம்புக்குக் குறுக்கே இருக்கும். நம் சங்கோல் மாதிரி இருப்பதால் முன்பு மண் கொத்தும் கருவி என்றே நினைத்தார்கள். அலகிலுள்ள தேய்மானமோ மரவேலையைக் காட்டுகிறது. ஜெர்மனியின் கூக்கோவனில் 1990இல் கிடைத்த கிணற்றைப் பாருங்கள்: ஓக் பலகைகளை மூலையில் ஒன்றோடொன்று கோத்திருக்கிறார்கள். மரம் வெட்டப்பட்டது கி.மு. 5090 வாக்கில். இரும்பே இல்லாமல்!

கேள்வி: கல் அரிவாள் பளபளத்தால் கோதுமை அறுத்தது என்று அர்த்தமா?
(வாசகி, பிறை)

பதில்: பளபளப்பை மட்டும் வைத்து முடிவு கட்டக்கூடாது. புல்வகைத் தண்டுகளில் சிலிக்கா உண்டு. அறுக்க அறுக்க அது கல்விளிம்பை மெருகேற்றும். நாணல் அறுத்தாலும் மெருகு வரும். நுண்நோக்கியில் மெருகின் தன்மையையும் கீறல்கள் ஓடும் திசையையும் பார்த்துத்தான் பிரிக்கிறார்கள். கல்துண்டின் ஒரு மூலையில் மட்டும் மெருகு சாய்வாக இருந்தால், அதைக் காம்பில் சரித்துப் பதித்திருக்கிறார்கள் என்று பொருள். அப்படி வரிசையாகப் பதித்த துண்டுகளின் மூலைகள் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். அதாவது அந்த அரிவாளுக்குப் பல் இருந்தது, நம் கருக்கரிவாள்போல.