உயேசுகி யோசான் – கடிதம்

அன்புள்ள ஐயா,

ஜப்பானியச் சிற்றரசர் உயேசுகி யோசானைப் பற்றி நீங்கள் எழுதியதை வாசித்தேன். எளிமையானவர், மக்களை நேசித்தவர் என்கிறீர்கள். ஆனால், எதிர்த்து மனுக்கொடுத்த மூத்த பிரதானிகளைத் தங்கள் வயிற்றைக் கிழித்துக்கொண்டு சாகச் சொன்னவரும் அவர்தானே? விவசாயியின் வரியில் வாழ்ந்த ஒரு பிரபுவை நாம் ஏன் கொண்டாட வேண்டும்?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

நியாயமான கேள்வி. 1773-ல் நடந்த அந்தத் தண்டனையை நான் சொல்லாமல் கடந்தது தவறுதான்.

அப்போது ஹருநோரிக்கு (யோசான் என்பது பிற்காலப் பெயர்) இருபத்திரண்டு வயதுகூட நிறையவில்லை. தெற்கே கியூஷு தீவில் தகநாபே என்ற சின்னஞ்சிறு அரசை ஆண்ட குடும்பத்தில் பிறந்து, வடக்கே உயேசுகி குடும்பம் ஆண்ட யோனேசாவா அரசுக்குத் தத்துப்பிள்ளையாக வந்தவர். வந்து சேர்ந்த உயேசுகி குடும்பமோ பழம்பெருமையில் ஊறியது. ஒருகாலத்தில் 12 லட்சம் கோகு (ஒரு கோகு என்பது ஏறக்குறைய ஒருவர் ஓராண்டு உண்ணும் அரிசி) விளையும் நிலத்தை ஆண்டவர்கள். 1601-ல் அது 3 லட்சமானது, 1664-ல் அதிலும் பாதி போனது. ஆனால் பரம்பரைச் சாமுராய்களை அவர்கள் வெளியே அனுப்பவில்லை. எட்டில் ஒரு பங்கு நிலத்தைக்கொண்டு பழைய பெருங்கூட்டத்துக்குச் சோறு போட்டார்கள். அரசையே ஜப்பான் முழுமைக்கும் தலைவரான ஷோகுனிடம் திருப்பிக் கொடுத்துவிடலாமா என்று முந்தைய பிரபு ஷிகெசதா யோசிக்கும் அளவுக்குக் கடன்.

1767-ல் பொறுப்பேற்ற பையன் முதலில் கைவைத்தது தன் செலவில். ஆண்டுக்கு 1500 ரியோவாக (அக்காலப் பொன் நாணயம்) இருந்ததை 209 ஆக்கினார். பருத்தி ஆடை, ஒரு சூப், ஒரு தொடுகறி. அப்புறம் சாமுராய்களையும் தரிசு திருத்த மண்வெட்டியோடு அனுப்பினார். எங்கிருந்தோ வந்த சிறுவீட்டுப் பிள்ளை நமக்குச் சிக்கனம் கற்பிப்பதா என்ற கோபம்தான் அந்த மனுவின் அடியில் இருந்தது என்று நினைக்கிறேன்.

ஏழு பேர் சேர்ந்து வந்தார்கள். சீர்திருத்தங்களைக் கைவிட வேண்டும், அவற்றை நடத்திய தகெமாதா மசாட்சுனாவை நீக்க வேண்டும் என்றார்கள். ஹருநோரி எழுந்து போக முயன்றபோது ஆடையைப் பிடித்து நிறுத்தினார்கள். அவர் ஷிகெசதாவிடம் கலந்தார், மற்ற அதிகாரிகளைக் கூட்டி மனுவிலுள்ள குற்றச்சாட்டுகள் உண்மையா என்று கேட்டார். இல்லை என்றார்கள். ஒருசில நாட்களில் தீர்ப்பு வந்தது: இருவருக்கு செப்புக்கு, அதாவது நீங்கள் சொன்ன வயிற்றைக் கிழித்துக்கொள்ளும் சாவு; மற்ற ஐவருக்கு வீட்டுக்காவலும் நிலக் குறைப்பும்.

இதை நான் நியாயப்படுத்த மாட்டேன். இரண்டு உயிர்கள். ஆனால் கதை அங்கே முடியவில்லை. ஒன்பது ஆண்டுகள் கழித்து அதே தகெமாதா அதிகாரத்தைத் தவறாகப் பயன்படுத்தினார் என்று தெரியவந்தபோது, அவரையும் பதவிநீக்கிக் காவலில் வைத்தார் ஹருநோரி. யாருக்காக எழுவரைத் தண்டித்தாரோ அவரையே! அந்த நாளை அவர் எப்படிக் கடந்திருப்பார் என்று நான் பலமுறை எண்ணியிருக்கிறேன்.

1785-ல், முப்பத்தைந்தை எட்டும் முன்பே, ஆட்சியை ஷிகெசதாவின் மகன் ஹருஹிரோவிடம் கொடுத்தார். கூடவே மூன்று அறிவுரைகளை எழுதிக்கொடுத்தார். நாடு முன்னோரிடமிருந்து பெற்றுப் பின்வருவோருக்குக் கொடுக்க வேண்டியது, பிரபுவின் சொந்தச் சொத்தல்ல. மக்களும் அப்படித்தான். நாட்டுக்காகவும் மக்களுக்காகவும்தான் பிரபு, பிரபுவுக்காக அவர்கள் அல்ல. பிரெஞ்சுப் புரட்சிக்கு நான்கு ஆண்டுகள் முன்பு, வாளேந்திய ஒரு வம்சத்துக்குள் எழுதப்பட்டவை இவை. நான் கொண்டாடுவது இதைத்தான்.

வரி பற்றிச் சொன்னீர்கள். அது சரி. அவர் வரியை ஒழிக்கவில்லை, சாமுராய் மேலே விவசாயி கீழே என்ற அடுக்கையும் கலைக்கவில்லை. ஆனால் 1780-களின் தென்மேய் பஞ்சம் வடக்கு ஜப்பானைச் சூறையாடியதைப் பார்த்தவர் அவர். அதன்பின் தானியத்தைக் களஞ்சியத்தில் சேர்ப்பதோடு நிற்கவில்லை. எந்தக் காட்டுச் செடியை எப்படிப் பதப்படுத்தி உண்ணலாம் என்று சொல்லும் ‘கதெமோனோ’ என்ற கையேடு 1802-ல் அச்சாகி ஊர்களுக்குப் போனது. வீட்டு வேலியைக்கூட உண்ணத்தக்க செடியாக வையுங்கள் என்று ஊக்குவித்தார். உகோகி என்ற முட்செடி அது. யோனேசாவாவில் இன்றும் அந்த வேலிகள் நிற்கின்றன. வசந்தத்தில் தளிரைப் பறித்துச் சோற்றில் கலந்து உண்கிறார்கள்.

அன்புடன்.