கேசட் குரல், ஒட்டிப்போன போட்டோ: வாசகர் கேள்வி – பதில்

கே: அப்பா துபாயில் வேலை பார்த்தபோது கடிதத்துக்குப் பதிலாகக் கேசட்டில் பேசி அனுப்புவார். ஏழெட்டுக் கேசட்டுகள் பெட்டியில் கிடக்கின்றன. பல வருடமாகப் போட்டுக் கேட்கவில்லை. கணினியில் ஏற்றி வைக்க என்ன செய்யலாம்?
– வாசகி, கீழக்கரை

ப: கையில் கிடைத்த டேப் ரெக்கார்டரில் போட்டுப் பார்த்துவிடாதீர்கள். நாடா வெளியே தெரியும் பக்கத்துக்கு எதிர் விளிம்பில் இரண்டு சின்னப் பிளாஸ்டிக் பல் இருக்கும். முதல் வேலையாக இரண்டையும் உடைத்துவிடுங்கள். அதன் பிறகு ரெக்கார்டு பட்டன் அமுங்காது. கை தவறி அப்பா குரல் மேல் வேறு சத்தம் பதிந்துவிட்டால் மீட்க வழியே இல்லை.

அடுத்து, கேசட்டின் வாய்ப்பக்கம் நடுவில் பாருங்கள். மெல்லிய உலோகத் தகட்டின் மேல் ஒரு பொட்டுக் கம்பளி ஒட்டியிருக்க வேண்டும். நாடாவை ஹெட்டோடு, அதாவது பதிவைப் படிக்கும் பாகத்தோடு, அழுத்திப் பிடிப்பது அதுதான். பசை காய்ந்து அது உதிர்ந்திருந்தால் குரல் கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல் கேட்கும். ஐந்து திருகாணி உள்ள வேறொரு கேசட்டைத் திறந்து, அதன் கூட்டுக்குள் உங்கள் நாடாவை உருளைகளோடு மாற்றி வைத்தால் சரியாகிவிடும். நாடா அறுந்திருந்தால் அதற்கென்று உள்ள ஒட்டு நாடாவை மட்டும் பயன்படுத்துங்கள். செல்லோ டேப் வேண்டவே வேண்டாம். அதன் பசை கசிந்து அடுத்த சுற்றோடும் ஒட்டிக்கொள்ளும். சுற்றின் மேல் வெள்ளைப் பொடி தெரிந்தால் அது பூஞ்சை. அந்தக் கேசட்டைத் தனியாக எடுத்து வையுங்கள், ஓட்டினால் ஹெட் வழியாக மற்றவற்றுக்கும் பரவும்.

டெக், அதாவது கேசட் ஓட்டும் கருவி விஷயத்தில் கஞ்சத்தனம் கூடாது. யு.எஸ்.பி. வைத்து வரும் மலிவான கேசட் பிளேயர்களில் வேகம் நிலையாக இருக்காது. கேசட் நாடா நொடிக்கு 4.76 செ.மீ. ஓட வேண்டும், பெல்ட் தளர்ந்திருந்தால் வேகம் குறைந்து குரல் தடிக்கும். பழைய நல்ல டெக் ஒன்றை மெக்கானிக்கிடம் கொடுத்து பெல்ட் மாற்றச் சொல்லுங்கள். ஹெட்டையும் நாடா உரசும் உலோகத் தண்டையும் 99 சதவீத ஐசோபுரொபைல் ஆல்கஹாலில் தோய்த்த பஞ்சால் துடைத்துவிட்டு, கேசட்டை ஒருமுறை கடைசிவரை முன்னும் பின்னும் சுற்றிய பிறகே பிளே போடுங்கள்.

பலரும் கோட்டை விடும் இடம் ஒன்று உண்டு: ஹெட்டின் சாய்வு. பதிவுசெய்த கருவியின் ஹெட்டும் இப்போது ஓட்டும் கருவியின் ஹெட்டும் ஒரே கோணத்தில் இருக்காது. ஹெட்டுக்குப் பக்கத்தில் உள்ள சின்னத் திருகாணியை இம்மி இம்மியாகத் திருப்பி, ‘ச’, ‘ஸ’ ஒலிகள் கூர்மையாகக் கேட்கும் இடத்தில் நிறுத்துங்கள். ஒவ்வொரு கேசட்டுக்கும் இதைச் செய்ய வேண்டும். பிறகு சாஃப்ட்வேர் கொண்டு செய்யும் எந்த மெருகும் இதற்கு ஈடாகாது.

டெக்கின் லைன் அவுட்டிலிருந்து யு.எஸ்.பி. ஆடியோ கருவியின் லைன் இன்னுக்கு வயர் கொடுங்கள். லேப்டாப்பின் மைக் துளையில் செருகினால் ஒலி பிளிறும். ஆடாசிட்டி என்ற ஒலிப்பதிவு சாஃப்ட்வேர் இலவசம், அதில் 48,000 ஹெர்ட்ஸ், 24 பிட் வைத்து, உச்ச ஒலி மைனஸ் 6 டெசிபலைத் தாண்டாமல் பதியுங்கள். 60 நிமிடக் கேசட் ஒன்று ஸ்டீரியோவில் சுமார் 1 ஜி.பி. வரும். அதைச் சுருக்காத வேவ் (WAV) கோப்பாகவே வையுங்கள்; இரைச்சல் நீக்குவதெல்லாம் அதன் நகலில். நடுவில் சத்தம் நின்றால் முடிந்துவிட்டது என்று அணைக்காதீர்கள், இடைவெளி விட்டு மறுபடி பேசியிருப்பார்கள்.

கே: சாமி அறையில் மாட்டிய தாத்தா போட்டோ கண்ணாடியோடு ஒட்டிவிட்டது. உரிக்கலாமா?
– வாசகர், தஞ்சாவூர்

ப: கூடாது. போட்டோவின் மேற்பரப்பு ஜெலட்டின். ஈரக்காற்றில் இளகி, கண்ணாடியைப் பற்றிக்கொண்டு இறுகியிருக்கிறது. இழுத்தால் முகம் கண்ணாடியோடு போய்விடும். தண்ணீரில் ஊறவைக்கச் சொல்பவர்களும் உண்டு; ஸ்டூடியோவில் கையால் வண்ணம் தீட்டிய படமாக இருந்தால் அந்த வண்ணமே கரையும்.

கண்ணாடியோடு சேர்த்தே நகலெடுங்கள். கண்ணாடியின் வெளிப்பக்கம் உள்ள சந்தனம், குங்குமத்தை, லேசாக ஈரமாக்கிப் பிழிந்த துணியால் துடையுங்கள். தண்ணீர் தெளித்தால் ஓரம் வழியாக உள்ளே இறங்கும். தட்டையான, மெல்லிய ஸ்கேனர்கள் கண்ணாடித் தடிமனைத் தாண்டித் தெளிவாகப் பார்க்காது. கேமராவே மேல். ஃபிளாஷை அணைத்து, இரண்டு பக்கமும் 45 டிகிரியில் ஒவ்வொரு விளக்கு வைத்து, கேமராவுக்குப் பின்னால் கறுப்புத் துணி தொங்கவிட்டால் பிரதிபலிப்பு விழாது. சாமி அறையில் புதுப் பிரிண்ட்டை மாட்டுங்கள், கண்ணாடிக்கும் படத்துக்கும் நடுவே அட்டைச் சட்டம் வைத்து. மூலப்படத்துக்கு விளக்குச் சூடும் புகையும் ஆகாது. இருட்டான, காய்ந்த அலமாரியில் இருக்கட்டும்.

கே: கல்யாண வீடியோ டிவிடியில் இருக்கிறது. போதாதா?
– வாசகி, திருப்பூர்

ப: போதாது. வீட்டிலும் ஸ்டூடியோவிலும் எழுதும் டிவிடியில் தகவல் நிற்பது ஒரு சாயப் படலத்தில். அது நாள்பட மங்கும். இன்றே முழு ஃபோல்டரையும் அப்படியே இரண்டு ஹார்டு டிஸ்க்குகளில் நகலெடுங்கள். பென் டிரைவைக் கணக்கில் சேர்க்காதீர்கள்.

கே: பாட்டிக்கு 84 வயது. பழைய கதைகளை மொபைலில் பதிவு செய்தால் தரமாக வருமா?
– வாசகர், நாகர்கோவில்

ப: வரும். மின்விசிறியை நிறுத்துங்கள். மெத்தை, துணிமணி உள்ள அறையில் எதிரொலி குறையும். போனை ஃபிளைட் மோடில் போட்டு, வாயிலிருந்து ஒரு சாண் தள்ளி, மடித்த துண்டின் மேல் வையுங்கள். வெறும் மேசையில் வைத்தால் கை பட்ட சத்தமெல்லாம் ஏறும். தொடக்கத்திலேயே தேதி, ஊர், பேசுபவர் பெயர், முறை எல்லாவற்றையும் நீங்களே சொல்லிப் பதியுங்கள். கோப்பின் பெயர் மாறினாலும் அது மாறாது. ஒரு நிமிடம் பதிந்து கேட்டுப் பார்த்த பிறகு தொடருங்கள். பாட்டி பேசும்போது ‘ம்’ கொட்டாமல் தலையை மட்டும் ஆட்டுங்கள்.

கடைசியாக, எல்லோருக்கும் பொதுவாகச் சில: போட்டோக்களை வாட்ஸ்அப்பில் அனுப்பினால் சுருங்கிவிடும். டாக்குமென்டாக இணைத்து அனுப்புங்கள். மூன்று நகல் வேண்டும், அதில் ஒன்று வேறு ஊரில் உள்ள உறவினர் வீட்டில். கூகுள் கணக்கை மட்டும் நம்பினால் ஒன்று கவனியுங்கள்: தனிநபர் கணக்கு 2 ஆண்டுகள் பயன்படுத்தப்படாமல் கிடந்தால் நீக்கப்படலாம். கணக்கு அப்படிப் பயன்படாமல் கிடந்தால் யாருக்குத் தகவல் போக வேண்டும் என்று குறித்துவைக்க அமைப்புகளில் வசதி இருக்கிறது. அங்கே பேரன், பேத்தி ஒருவரின் மின்னஞ்சலைச் சேர்த்துவிடுங்கள்.