மனநல டாக்டர்களில் எத்தனை வகை? யார் யாரைப் பார்ப்பார்கள்?

கேள்வி இதுதான்: இதயத்துக்கு ஒருவர், கண்ணுக்கு ஒருவர் என்று இருப்பதுபோல மனநல மருத்துவத்துக்குள்ளும் தனித்தனிப் பிரிவுகள் உண்டா, எந்த நோயாளி யாரிடம் போவது?

உண்டு. நான் டாக்டர் இல்லை. புதுக்கோட்டையில் பதினாறு வருஷமாக மருந்துக்கடை வைத்திருக்கிறேன். கடைக்கு இரண்டு வீடு தள்ளி ஒரு மனநல டாக்டரின் கிளினிக். மற்ற டாக்டர்களின் சீட்டை விரித்தபடி நீட்டுகிற ஜனங்கள், அங்கிருந்து வரும்போது மட்டும் எட்டாக மடித்துக் கைக்குள் வைத்திருப்பார்கள். "நரம்பு டாக்டர் எழுதினது" என்று கேட்காமலே சொல்வார்கள். நானும் தலையாட்டிவிட்டு மாத்திரையை எடுத்துக் கொடுப்பேன்.

இந்தப் பிரிவுகளெல்லாம் எதற்கு என்று எனக்கே உறைத்தது அப்பாவுக்கு உடம்புக்கு முடியாமல் போனபோதுதான். 71 வயதில் குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பு எலும்பு முறிந்தது. திருச்சியில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் சேர்த்தோம், மறுநாளே ஆபரேஷன். சேர்த்த மூன்றாம் ராத்திரி படுக்கையில் எழுந்து உட்கார்ந்துகொண்டு, துண்டை வீசி வீசி ஆடு விரட்ட ஆரம்பித்துவிட்டார். வார்டு முழுக்க ஆடாம். டிரிப்ஸ் ஊசியைப் பிடுங்கினார். ராத்திரி டியூட்டியில் இருந்தவர்கள் கையைக் கட்டில் கம்பியோடு காஸ் துணியால் கட்டி, தூக்க ஊசி போட்டு, "வயசானவங்களுக்கு மயக்க மருந்து கொடுத்தா இப்படித்தான்" என்று போய்விட்டார்கள்.

காலையில் மனநல டாக்டர் ஒருவர் வந்தார். அம்மாவுக்குக் கோபம். "இவருக்கு என்ன பைத்தியமா, இவர் எதுக்கு வர்றார்?" என்று என்னிடம் கிசுகிசுத்தார். டாக்டர் அப்பாவைக் கையை நீட்டச் சொன்னார். விரல்கள் உதறின. தலையணை வியர்வையில் நனைந்திருந்தது. நாடி பார்த்தார், இன்றைக்கு என்ன கிழமை என்று கேட்டார். பிறகு என்னை வராண்டாவுக்குக் கூப்பிட்டு ஒரே கேள்வி: "தினமும் எவ்வளவு குடிப்பார்?"

ஆபரேஷனுக்கு முன்னால் இதே கேள்விக்கு அம்மா "கல்யாணம் காட்சின்னா எப்பவாவது" என்று சொல்லியிருந்தார். மருந்துக்கடைக்காரன் நானும் பக்கத்தில் வாயைத் திறக்காமல் நின்றேன். உண்மை, இருபது வருஷமாக ராத்திரிக்கு ஒரு குவார்ட்டர். விழுந்த அன்றோடு அது நின்றுபோனது. அப்படித் திடீரென்று நின்றால் இரண்டு மூன்று நாளில் நடுக்கம், வியர்வை, இல்லாததெல்லாம் கண்ணுக்குத் தெரிவது என்று வரும். கவனிக்காமல் விட்டால் உயிருக்கே ஆபத்து. டாக்டர் லோராசெபம் என்ற பதற்றம் தணிக்கும் மருந்தைக் கொடுத்துப் படிப்படியாகக் குறைத்தார். வைட்டமின் பி1 ஊசி போட்ட பிறகுதான் குளுக்கோஸ் ஏற்றவேண்டும் என்று நர்ஸிடம் கண்டிப்பாகச் சொன்னார். ஐந்தாம் நாள் ஆடுகள் போய்விட்டன.

அவர் பார்த்த வேலைக்குப் பெயர் கன்சல்டேஷன் லையசன். வேறு நோய்க்காகப் படுத்திருக்கிறவர்களைத் தேடி வார்டுக்கே வருகிற மனநலப் பிரிவு. ஐ.சி.யூ.வில் குழம்பிப் பேசுகிறவர், டயாலிசிஸ் வேண்டாம் என்று அடம்பிடிக்கிறவர், புற்றுநோய் என்று தெரிந்ததும் சாப்பிட மறுப்பவர் எல்லாம் இவர்களுடைய ஆட்கள். பூச்சிமருந்து குடித்துப் பிழைத்தவர்களும் அப்படியே. அவர்களை வீட்டுக்கு அனுப்புவதற்கு முன் மனநல டாக்டர் ஒருமுறையாவது உட்கார்ந்து பேசவேண்டும். போலீஸ் கேஸ் ஆகுமே என்று பயந்து இரவோடு இரவாகக் கூட்டிப்போகிறவர்கள் உண்டு. 2017ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டம், தற்கொலைக்கு முயன்றவர் கடும் மன அழுத்தத்தில் இருந்தார் என்றே கருதவேண்டும், தண்டிக்கக்கூடாது என்கிறது.

அப்பா அங்கிருந்து போனது போதை மீட்புப் பிரிவுக்கு. மது, கஞ்சா, தூக்கமாத்திரை, இப்போது செல்போன் சூதாட்டம் வரை இங்கே வரும். சென்னையில் டி.டி.கே. மருத்துவமனை 1980லிருந்து இதையே செய்கிறது. இந்தப் பிரிவைப் பற்றி என் கடை அனுபவம் ஒன்றைச் சொல்லியே ஆகவேண்டும். மாதத்துக்கு இரண்டு பேராவது வந்து, "அவருக்குத் தெரியாம சோத்துல கலந்து கொடுக்கிற மருந்து இருக்காமே?" என்று கேட்பார்கள். டைசல்பிரம் மாத்திரையைச் சொல்கிறார்கள். அது உள்ளே இருக்கும்போது குடித்தால் முகம் சிவந்து, வாந்தி எடுத்து, நெஞ்சு படபடத்து, ரத்த அழுத்தம் இறங்கும். குடிக்கிறவருக்குத் தெரியாமல் கொடுத்தால் ஆளே போய்விடலாம். தெரிந்து, சம்மதித்துச் சாப்பிடவேண்டிய மாத்திரை அது. நான் கொடுக்கமாட்டேன். திட்டிவிட்டுப் போகிறவர்கள் போகட்டும்.

முதியோர் மனநலம் தனிப் பிரிவு. அறுபதைத் தாண்டியவர்களின் மறதி, சந்தேகம், துக்கம் இவர்களுக்கு உரியது. எங்கள் டாக்டர் ஒரு குறிப்பு சொன்னார்: "எனக்கு எதுவுமே ஞாபகமில்லை டாக்டர்" என்று தானே புலம்புகிறவருக்குப் பல சமயம் மனச்சோர்வுதான் இருக்கும். "எனக்கு என்ன, நல்லாத்தானே இருக்கேன்" என்று சிரிக்கிறவரைத்தான் மறதி நோய் இருக்கிறதா என்று கவனிக்கவேண்டும். தைராய்டு, பி12 குறைபாடு, தலையில் பழைய அடி, சிறுநீர்த் தொற்று என்று எத்தனையோ மறதி மாதிரி வேஷம் போடும். அதனால் முதல் நாளே ரத்தப் பரிசோதனை எழுதினால் கமிஷனுக்காக என்று நினைத்துவிடாதீர்கள்.

குழந்தைகளுக்கான பிரிவுக்குப் பெரும்பாலும் பள்ளிக்கூடம்தான் அனுப்பிவைக்கும். ஆட்டிசம், ஓர் இடத்தில் உட்கார முடியாத ஏ.டி.எச்.டி., கற்றல் குறைபாடு, பதின்வயதுப் பிள்ளைகளின் மனச்சோர்வு. ஏ.டி.எச்.டி.க்கு எழுதும் மெத்தில்பெனிடேட் எல்லாக் கடையிலும் கிடைக்காது, கட்டுப்பாடு அதிகம். "துறுதுறுன்னு இருக்கிற பிள்ளைக்கு ஊக்க மருந்தா?" என்று அம்மாக்கள் என்னிடம் கேட்பார்கள். ஊக்குவது பிள்ளையின் கவனத்தை. அவ்வளவுதான் எனக்குச் சொல்லத் தெரியும்.

பிரசவத்தை ஒட்டிய மனநலம் பலருக்குத் தெரியாத பிரிவு. ஆயிரம் பிரசவத்தில் ஒன்றிரண்டு பெண்களுக்கு, குழந்தை பிறந்த இரண்டு வாரத்துக்குள், தூக்கமே இல்லாமல், சம்பந்தமில்லாமல் பேசி, குழந்தையைப் பார்த்தே பயப்படும் நிலை வரும். ஊரில் பேய் பிடித்தது என்று கோடாங்கியைத் தேடுவார்கள். தாய், பிள்ளை இரண்டு உயிருக்கும் ஆபத்தான அவசரம் இது, அன்றைக்கே டாக்டரிடம் போகவேண்டும். பெங்களூரில் உள்ள நிம்ஹான்ஸ் என்ற மத்திய அரசு மனநல மருத்துவமனையில் 2009லிருந்து தாயையும் குழந்தையையும் பிரிக்காமல் சேர்த்தே அனுமதிக்கும் வார்டு இருக்கிறது. வலிப்புக்கும் மனநிலை ஏற்ற இறக்கத்துக்கும் கொடுக்கிற வால்பரோயேட் சீட்டோடு கல்யாணமான சின்னப் பெண் வந்தால், "கர்ப்பம் ஆகிற யோசனை இருந்தா டாக்டர்கிட்ட சொல்லிட்டீங்களாம்மா?" என்று கேட்டுவிடுவேன். வயிற்றுப் பிள்ளையின் முதுகுத்தண்டைப் பாதிக்கிற மருந்து அது.

அப்புறம் தடயவியல் மனநலம். சினிமாவில் வருவதுபோல முகத்தைப் பார்த்தே கொலைகாரனைக் கண்டுபிடிக்கிற வேலை இல்லை. விசாரணையைப் புரிந்துகொள்ளும் நிலையில் இவர் இருக்கிறாரா, குற்றம் நடந்தபோது என்ன மனநிலையில் இருந்தார் என்று கோர்ட்டுக்கு அறிக்கை தருவது.

இத்தனையும் சொல்லிவிட்டு ஒன்றை ஒத்துக்கொள்ளவேண்டும். எங்களைப் போன்ற ஊரில் இத்தனை டாக்டர் கிடையாது. எம்.பி.பி.எஸ். முடித்து மூன்று வருஷம் எம்.டி. படித்த பொது மனநல டாக்டர் ஒருவர்தான் குழந்தை, கிழவர், குடிகாரர் எல்லாரையும் பார்க்கிறார். மனச்சிதைவு, இருமுனைக் கோளாறு, மனச்சோர்வு, பதற்றம் எல்லாம் அவருடைய அன்றாட வேலை. அதற்குமேல் மூன்று வருஷம் டி.எம். படித்த சிறப்பு டாக்டர்கள் பெரிய ஊர்களில்தான் கிடைப்பார்கள். அதனால் எந்தப் பிரிவு என்று நீங்களே முடிவுகட்டிக்கொண்டு பஸ் ஏறவேண்டாம். முதலில் அவரைப் பாருங்கள், அரசு மாவட்டத் தலைமை மருத்துவமனையிலும் இருப்பார். தேவைப்பட்டால் அவரே எழுதி அனுப்புவார். கிளினிக்கல் சைக்காலஜிஸ்ட் என்பவர் வேறு: பேச்சு சிகிச்சை, சோதனைகள் அவர் பொறுப்பு, மாத்திரை எழுதமாட்டார். நடுராத்திரியில் யாரிடம் கேட்பது என்று தெரியாவிட்டால் டெலி மானஸ் என்ற அரசு மனநல உதவி எண் 14416, கட்டணம் இல்லை, தமிழில் பேசலாம்.

போகும்போது பழைய சீட்டு எல்லாவற்றையும் எடுத்துப்போங்கள். நாட்டு மருந்து, சாராயம், பக்கத்து வீட்டார் கொடுத்த தூக்கமாத்திரை எதையும் மறைக்காதீர்கள்.

அப்பா குடிக்காமல் எட்டு மாசம் ஆகிறது. மாதம் ஒருமுறை என் கடைக்குப் பக்கத்தில் இருக்கிற அதே கிளினிக்குக்குப் போய்வந்து, சீட்டை எட்டாக மடித்து என் மேஜையில் வைக்கிறார். கடையில் யாராவது நின்றால், "இடுப்பு வலிக்கு எழுதியிருக்கார்" என்கிறார். நானும் திருத்துவதில்லை.