சிமெட்ரிக் என்றால் எல்லாத் துறையிலும் ஒரே பொருளா?

கணக்குப் பாடத்தில் வரும் சிமெட்ரிக்கும் இன்டர்நெட் பிளானில் வருவதும் ஒன்றா என்று கேட்டிருக்கிறீர்கள். அடிப்படை ஒன்றுதான்: இரண்டு பக்கத்தையும் மாற்றிப் போட்டாலும் எதுவும் மாறக்கூடாது. எதை மாற்றுகிறோம் என்பதுதான் துறைக்குத் துறை வேறு.

கணிதத்தில் வரும் உறவுகளுக்கு நம் வீட்டு உறவே நல்ல உதாரணம். நான் உங்களுக்கு உடன்பிறப்பு என்றால் நீங்களும் எனக்கு உடன்பிறப்பு, ஆகவே அது சிமெட்ரிக்; அண்ணன் உறவு அப்படித் திரும்பாது. எண்களை நிரை (வரிசை), நிரல் (செங்குத்து வரிசை) என அடுக்கிய கட்டம்தான் அணி, அதாவது மேட்ரிக்ஸ்; சமச்சீரான, அதாவது சிமெட்ரிக்கான அணியில் 2-ஆம் நிரை 3-ஆம் நிரலில் 7 இருந்தால், 3-ஆம் நிரை 2-ஆம் நிரலிலும் 7 இருந்தே ஆகவேண்டும்.

தகவலைப் பிறர் படிக்க முடியாதபடி மாற்றும் குறியாக்கத்தில், பூட்டவும் திறக்கவும் ஒரே சாவி. 2001-இல் அமெரிக்கா தரமாக அறிவித்த ஏ.இ.எஸ். (AES) என்ற குறியாக்க முறை இந்த வகைதான். அப்புறம் இன்டர்நெட் பிளான்: அப்லோடும் டவுன்லோடும் ஒரே வேகம், அவ்வளவுதான்.