கல்வெட்டின் முன் ஒரு பேராசிரியர்

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

பண்டைய ரோம் பற்றிய ஆவணப்படங்களில் மேரி பியர்ட் போன்ற பேராசிரியர்கள் அடிக்கடி தோன்றுகிறார்கள். ‘இருக்கலாம்’ என்று சொல்ல வேண்டிய இடத்தில் ‘இதுதான்’ என்று சொல்லிவிட நேராதா? அவர்களுடைய ஆய்வின் மதிப்பை அது குறைக்காதா?

க.

அன்புள்ள க.,

உங்கள் கவலை அடிப்படையற்றதன்று. பேட்டிக்காக மட்டும் வந்துபோகும் நிபுணர் ஒரு மணி நேரம் பேசினாலும் படத்தில் எஞ்சுவது ஓரிரு நிமிடங்கள்தான். ‘சான்று போதாது’, ‘இப்படியும் கொள்ளலாம்’ போன்ற தொடர்களே முதலில் வெட்டுப்படும். ஆனால் 2012இல் பிபிசியில் வந்த ‘மீட் த ரோமன்ஸ்’ தொடரில் மேரி பியர்ட் அப்படி வந்துபோனவர் அல்லர். எளிய மக்களின் கல்லறை வாசகங்களைப் படித்துக்காட்டியபடி தொடர் முழுவதையும் நடத்திச் சென்றவர்.

மதிப்புக் குறையும் என்பதை நான் ஏற்கவில்லை. 1945இல் அரிக்கமேட்டை அகழ்ந்து, அங்கே கிடைத்த ரோமானியப் பானை ஓடுகளைக் கொண்டு காலத்தைக் கணித்த தொல்லியலாளர் மார்ட்டிமர் வீலர்தான், 1954இல் பிரிட்டனில் அவ்வாண்டின் தொலைக்காட்சி ஆளுமையாகத் தேர்வுபெற்றார்.

பியர்டின் தொடர், ரோமின் போர்ட்டா மஜ்ஜோரே வாயிலருகே உள்ள யூரிசாசெஸ் என்னும் ரொட்டி வணிகரின் கல்லறைக்கு நம்மை அழைத்துச் செல்கிறது. கி.மு. முதல் நூற்றாண்டைச் சேர்ந்த அதன் உச்சியில் ஓடும் சிற்பப் பட்டையில் மாவு அரைக்கிறார்கள், சலிக்கிறார்கள், பிசைகிறார்கள், அடுப்பில் இடுகிறார்கள், கடைசியில் ரொட்டியைத் தராசில் நிறுக்கிறார்கள். கீழே சுவரில் பெரிய வட்டத் துளைகள். அவை மாவு பிசையும் தொட்டிகளின் வாய் என்பார் பலர். தானியம் அளக்கும் மரக்கால்கள் என்பாரும் உண்டு. தொடரின் அறிமுகக் குறிப்போ கல்லறையே ரொட்டி அடுப்பின் வடிவம் என்று உறுதியாகச் சொல்லிவிட்டது. நீங்கள் அஞ்சுவது இதைத்தான்.

அந்தக் கல்லறையின் கல்வெட்டில் ரொட்டி சுடுபவர், ஒப்பந்தக்காரர் என்ற சொற்களை அடுத்து ‘அப்பாரெட்’ என்றொரு லத்தீன் சொல் இருக்கிறது. ‘பார்த்தாலே தெரிகிறதே’ என்று பொருள்கொண்டால், இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு அப்பாலிருந்து ஒரு ரொட்டிக்காரர் பெருமிதத்தோடு நம்மிடம் பேசுவது போலிருக்கிறது. அரசு அதிகாரியின் பணியாளர் என்ற பதவியாகக் கொண்டால் அவர் வாழ்க்கையே வேறாகிவிடுகிறது. அவர் முன்னாள் அடிமை என்பதும் கிரேக்கப் பெயரை வைத்துச் செய்யும் ஊகமே. கல்வெட்டு அதைச் சொல்லவில்லை. எந்தச் சொல் உறுதி, எது ஊகம் என்று அந்தக் கல்லைக் காட்டியே நமக்குச் சொல்ல லத்தீன் கல்வெட்டுகளோடு பழகியவரால்தான் முடியும். அவர் ஒதுங்கிக்கொண்டால், எஞ்சுவது அந்த அறிமுகக் குறிப்பு மட்டுமே.