தென்னந்தோப்பு நிற்கிறது, அடங்கலில் தரிசு!

கேள்வி: எங்களுக்குச் சொந்தமான இரண்டு ஏக்கர் புஞ்சையில் கிணறு வெட்டிப் பல ஆண்டுகளாகத் தென்னை வளர்த்து வருகிறோம். பட்டா என் பெயரில் உள்ளது. பயிர்க்கடன் கேட்டுப் போனபோது, அடங்கலில் நிலம் தரிசு என்றிருப்பதாகக் கூறித் திருப்பி அனுப்பிவிட்டார்கள். நஞ்சை என்று வகைப்பாட்டை மாற்றினால்தான் சரியாகும் என்கிறார் தெரிந்தவர் ஒருவர். யாரிடம் மனுக் கொடுப்பது?
– வாசகர், உடுமலைப்பேட்டை

பதில்: வகைப்பாட்டை மாற்றக் கோரி அலைய வேண்டாம். நஞ்சை, புஞ்சை என்னும் பிரிவு, நிலங்களை அளந்து வகைப்படுத்தி வரி நிர்ணயித்த நிலவரித் திட்டத்தின்போது, ஒவ்வொரு புல எண்ணின் விவரத்தையும் கொண்ட கிராமத்தின் அடிப்படைப் பதிவேடான ‘அ’ பதிவேட்டில் ஏறியது. ஏரி, கால்வாய் போன்ற அரசு நீராதாரத்தின் பாசனம் பெற்ற நிலத்தை நஞ்சை என்றும் மற்றதைப் புஞ்சை என்றும் பிரித்துத் தீர்வை (நிலவரி) விதித்தார்கள். விவசாயி தன் செலவில் வெட்டிய கிணற்றுக்காகத் தீர்வையை உயர்த்துவதில்லை என்பது, அரசு விவசாயியிடமே நேரடியாக வரி வாங்கிய ரயத்துவாரிக் காலத்துக் கொள்கை. ஆகவே கிணற்றுப் பாசனத்தில் தென்னை எவ்வளவு செழித்தாலும் உங்கள் நிலம் புஞ்சையாகவே இருக்கும். அதனால் நஷ்டமும் இல்லை.

திருத்த வேண்டியது அடங்கலை. கிராமக் கணக்குகளில் 2-ஆம் எண்ணாகிய அது, எந்தப் புல எண்ணில் என்ன பயிர் நிற்கிறது என்பதைப் பசலிதோறும் (வருவாய்த்துறைக் கணக்காண்டுதோறும்) கிராம நிர்வாக அலுவலர் நேரில் பார்த்து எழுத வேண்டிய கணக்கு. சென்ற பசலியில் இருந்ததை அப்படியே பெயர்த்து எழுதிவிடும் இடங்களில்தான் காய்த்துக் குலுங்கும் தோப்பு தரிசாகிவிடுகிறது. பசலி ஜூலை 1-இல் தொடங்கி ஜூன் 30-இல் முடிவதாலும், கணக்கு முடிந்த பசலியைத் திருத்தச் சொன்னால் எளிதில் யாரும் கைவைக்க மாட்டார்கள் என்பதாலும், நடப்புப் பசலிக்குள்ளேயே கிராம நிர்வாக அலுவலரிடம் மனுக் கொடுத்துவிடுங்கள். புல எண், உட்பிரிவு, பரப்பு, மரங்களின் எண்ணிக்கை, தோராயமான வயது, கிணறு, விவசாய மின் இணைப்பு எண் ஆகியவற்றைக் குறிப்பிட்டு, புலத்தணிக்கை செய்து பதிவு செய்யுமாறு கேளுங்கள். பட்டா நகலையும் தோப்பின் புகைப்படங்களையும் இணைத்து, ஒப்புகை பெறாமல் திரும்பாதீர்கள். அங்கே நடக்காவிட்டால் வருவாய் ஆய்வாளர், அடுத்து வட்டாட்சியர். ஆண்டுதோறும் கிராமக் கணக்குகளைத் தணிக்கை செய்யும் ஜமாபந்தியிலும் இதே மனுவைக் கொடுக்கலாம். கணக்குப் புத்தகமே மேசைமேல் இருக்கும் நாள் அது.

ஒன்றை மட்டும் முதலில் பார்த்துவிடுங்கள். அடங்கலில் தரிசு என்றால் அந்தப் பசலியில் பயிர் இல்லை என்றே பொருள். ‘அ’ பதிவேட்டிலேயே ‘தீர்வை ஏற்பட்ட தரிசு’ என்றிருந்தாலோ, அது அரசு நிலம் என்பதைக் குறிக்கும். அப்போது பிரச்சினை பயிரைப் பற்றியதல்ல, உரிமையைப் பற்றியது. அந்நிலையில் மூலப் பத்திரங்களுடன் வட்டாட்சியரை அணுகுவதற்கு முன் வழக்கறிஞர் ஒருவரின் கருத்தைக் கேட்பது நல்லது.

கேள்வி: எங்கள் நஞ்சையில் இப்போது சாகுபடி இல்லை. வீட்டுமனையாகப் பயன்படுத்துவதால் பதிவேட்டில் அப்படியே திருத்தித் தருவார்களா?
– வாசகி, கும்பகோணம்

பதில்: தர மாட்டார்கள். இது பிழைதிருத்தம் அன்று, நிலப் பயன்பாட்டு மாற்றம். 1971-ஆம் ஆண்டு நகர் ஊரமைப்புச் சட்டத்தின்படி முன்அனுமதி பெற வேண்டிய காரியம். வருவாய்த்துறையில் மனுக் கொடுப்பதற்கு முன் நகர் ஊரமைப்புத் துறையின் மாவட்ட அலுவலகத்துக்குச் சென்று, உங்கள் புல எண் முழுமைத் திட்ட (மாஸ்டர் பிளான்) பகுதிக்குள் வருகிறதா என்று கேட்டறியுங்கள்.