அரண்மனைச் சாயலில் விளையாட்டரங்கம்

கேள்வி: ஜோகன்னஸ்பர்க்கில் சுரைக்குடுக்கை வடிவில், கத்தாரில் கூடார வடிவில் அரங்கங்கள் இருக்கின்றன. குமரி மாவட்டத்திலும் பத்மநாபபுரம் அரண்மனைச் சாயலில், கிரிக்கெட், கால்பந்து, தடகளம் மூன்றுக்கும் ஒரே அரங்கமாகக் கட்டினால் என்ன?
- வாசகர், தக்கலை

பதில்: கட்டலாம். ஆனால் கிரிக்கெட்டை இப்போதே விட்டுவிடுங்கள். சர்வதேச ஆட்டத்துக்கு நடுப்பிட்ச்சிலிருந்து எல்லைக்கோடு குறைந்தது 59.43 மீட்டர் தள்ளி இருக்க வேண்டும். 400 மீட்டர் ஓடுதடத்துக்குள் கிடைக்கும் அகலமோ மொத்தமே 73 மீட்டர், பக்கத்துக்கு 36.5. எட்டு தடங்களையும் தாண்டி எல்லைக்கோடு கேலரிக்குள் போய்விடும்.

கால்பந்து பொருந்தும், மயிரிழையில். 105-க்கு 68 மீட்டர் மைதானம் போட்டால், மூலைக்கொடிக்கும் தடத்தின் உள்விளிம்புக்கும் நடுவே ஒரு மீட்டர்கூட மிஞ்சாது. கார்னர் அடிப்பவர் ஸ்டட் வைத்த பூட்ஸோடு தடத்தின் மேல்தான் ஓடிவர வேண்டும். செயற்கைத் தடம் அந்த நான்கு மூலைகளில்தான் முதலில் கிழியும். ஆகவே அங்கே உள்விளிம்பைக் கழற்றி மாட்டும்படி அமைத்து, ஆட்டநாளில் விரிக்கச் செயற்கைப் புல் துண்டுகளும் வாங்க வேண்டும். தூத்தூர்ப் பகுதிபோல் கால்பந்தில் ஊறிய கடற்கரை உள்ள மாவட்டத்தில் இதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளுவது தவறு.

இனி அரண்மனை. ஓட்டுக்கூரை முகப்பை கான்கிரீட்டில் வார்த்து வாசலில் ஒட்டுவது வெறும் ஒப்பனை. பத்மநாபபுரத்துத் தச்சர்களின் அறிவு, சுவருக்குப் பதிலாக அவர்கள் வைத்த அழி என்னும் மரத் தடுப்புகளில் இருக்கிறது. சாய்த்து அடுக்கிய மரச்சட்டங்கள் காற்றை விடும். வெயிலையும் சாரலையும் தடுக்கும். கேலரியின் பின்சுவருக்குத் தேவை அதுதான். ஆரல்வாய்மொழிக் கணவாய்க் காற்று இந்த மாவட்டத்துக்குப் புதிதல்ல. பின்பக்கம் மட்டும் தூண் ஊன்றி முன்னே நீட்டிய கூரைக்கு அடியில் அது புகுந்தால், அடைத்த பின்சுவரில் முட்டிக் கூரையை மேலே தூக்கும். அழி வைத்தால் காற்று பாய்ந்து வெளியேறும், தூக்கும் வேகம் குறையும். அப்போதும் போல்ட்டுகளைக் கூரையின் பாரத்துக்கு மட்டுமல்ல, அது மேலெழாமல் இழுத்துப் பிடிக்கவும் கணக்கிட்டே போட வேண்டும்.

அழிக்கு மரம் வேண்டாம். இரண்டு பருவமழையிலும் நனையும். துத்தநாகம் பூசிய இரும்புப் பட்டை போதும். ஆனால் பூசிய பிறகு துளையிட்டால் பூச்சு பெயர்ந்து, கடலுப்புக் காற்றில் அங்கிருந்தே துரு பிடிக்கும். வெட்டு, துளை எல்லாம் முடித்த பிறகே துத்தநாகக் குளியல் என்ற வரி டெண்டரில் இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள்.